பதினேழாம் லாட்

சண்டை முடிந்த மறுவருஷம்.
சூலூர் ஓடுதளத்தின் மேற்கு ஓரத்தில்
ஏலக்காரன் அதன் வயிற்றில்
சுண்ணாம்பால் பதினேழு போட்டிருந்தான்.
மேலே ஒரு ஜோடி இறக்கை, கீழே ஒரு ஜோடி,
நடுவில் குறுக்கும் நெடுக்கும் கம்பி,
பாவு ஓட்டிவிட்டு நெய்ய மறந்த தறி மாதிரி.

யாருக்காகச் செய்தார்களோ, அந்த நாடு
பணம் கட்டுவதற்குள் ராஜாவை மாற்றிவிட்டதாம்.
அடைத்த பெட்டியைப் பிரிக்காமலே
துறைமுகம் துறைமுகமாக விற்றுப் பார்த்த சீமைக்காரன்
கடைசியில் கொச்சியில் இறக்கி
போத்தனூர் வழியாக இங்கே தள்ளிவிட்டானாம்.
பெட்ரோல் மூடியிலும் எண்ணெய் மூடியிலும்
அந்த நாட்டு எழுத்து, சுருள் சுருளாக.
வாசிக்க ஆளில்லை.
எதில் எதை ஊற்றுவதென்று
மோந்து பார்த்துத்தான் கண்டுபிடித்தேன்.
நான் சவரிமுத்து. பீளமேட்டு மில்லில் ஃபிட்டர்.

இருநூற்றுப் பத்து ரூபாய்க்கு எடுத்தவர்
காடாம்பாடிச் சென்னியப்பன்.
"எஞ்சின் மட்டும் போதுமுங்க.
எழுபதடிக் கெணறு, தண்ணி மேல வரோணும்.
றெக்கை வேண்டாமுங்க."
"றெக்கையும் சேர்த்துத்தான்" என்றான் ஏலக்காரன்,
மூக்கணாங்கயிற்றை அவிழ்க்காமல் மாடு விற்கிறவன் மாதிரி.

இரண்டு ஜோடி மாடு கட்டி இழுத்தோம்.
கலங்கல் பிரிவில் வெள்ளவேலா மரம்
துணியில் ஒரு முழம் பிடுங்கிக்கொண்டது.

ஒன்பது சிலிண்டர், வட்டமாக.
காற்றில் ஆறுகிற எஞ்சின்;
விசிறியைக் கழற்றினால் வெந்துபோகும் என்று
விசிறியோடு சேர்த்தே பெல்ட்டு மாட்டினேன்.
அது என் தப்பு.

கிளப்பியதும்
பக்கத்துத் தேவணன் களத்து மிளகாய் மொத்தமும் எழுந்து
ஊர்ப்பக்கம் போனது.
கோழிகள் பறந்தன, நிஜமாகவே பறந்தன.
கால்மணி நேரத்தில் கிணற்றில் பாறை தெரிந்தது.
அதன்மேல் ஒரு தவளை உட்கார்ந்து
எங்களையே பார்த்தது.
ஒரு மாத ரேஷன் பெட்ரோல் காலி.
மறுபடி ஊற மூன்று நாள்.
தும்மிக்கொண்டே, கண்ணைத் துடைத்துக்கொண்டே
சென்னியப்பன் கேட்டார்:
"இதுக்கு மெதுவா ஓடத் தெரியாதுங்களா?"

தெரியாது.
நூறு மைல் போய்
கொட்டிவிட்டுத் திரும்பச் செய்தது.

சாயங்காலம் ஏறி உள்ளே உட்கார்ந்தேன்.
இடது கைப்பக்கம் ஒரு சிவப்பு நெம்புகோல்.
இழுத்தேன்.
கீழ் இறக்கைக்கு அடியில் நான்கு கொக்கிகள்
ஒரே நேரத்தில் வாயைத் திறந்தன.
யாரோ ஒழுங்காக எண்ணெய் போட்டிருக்கிறார்கள்.
எதுவும் விழவில்லை.
எதுவும் ஒருநாளும் மாட்டியதும் இல்லை:
கொக்கியின் உள்வளைவில்
பெயின்ட் கீறாமல் இருந்தது.

நல்ல இரும்பு. தூளி கட்ட ஆகும் என்று
ஒன்றைக் கழற்றி விட்டத்தில் மாட்டினார் சென்னியப்பன்.
அவர் சம்சாரம் வேலாத்தாள்
இடுப்புப் பிள்ளையோடு நிமிர்ந்து பார்த்தாள்.
"இழுத்தா வாயத் தொறக்கற கொக்கியில
பிள்ளையத் தொங்கவுடறதுங்களா?"
பருத்தி நிறுக்கப் போனது கொக்கி.

எஞ்சினைப் பிரித்து நானே விற்றுத் தந்தேன்.
பிஸ்டன்களை உருக்கிப் போசி செய்ததாகக் கேள்வி.
மூக்கில்லாத உடம்பு
சோளக்காட்டில் நின்றது.

ஆடி வந்தது.
யார் கேட்டது, யார் கட்டவில்லை என்ற கணக்கு
பாலக்காட்டுக் கணவாய்க் காற்றுக்கு ஏது?
ராத்திரி பூராவும் கம்பிகள் ஊளையிட்டன.
விடிகாலையில் கயிற்றோடு போனோம், அவரும் நானும்.
எங்கள் கண்ணெதிரே
சக்கரம் இரண்டும்
சோளத்தட்டையை விட்டு எழுந்தன.
ஒரு முழம் இருக்கும்.
ஆளில்லை. எஞ்சினில்லை.
மூச்சு ஒன்றை இழுத்துவிடுகிற நேரம்
அப்படியே நின்றது.

பிறகு இடப்பக்கம் சாய்ந்து
ஜவுளிக்கடையில் கிழிப்பதுபோல் ஒரு சத்தம்.

"புடிங்க, புடிங்க" என்று கத்தியவர்
பிடிக்கவில்லை.
கயிறு அவர் கையிலேயே இருந்தது.
என் கையிலும்.

மறுவாரம் தேவணன் காசு கேட்டு வந்தான்.
சென்னியப்பன் பேரம் பேசவில்லை,
எண்ணிக் கொடுத்தார்.
"பறந்துச்சு, தேவணா. நானே பாத்தேன்."

மிளகாயைச் சொல்கிறார் என்று நினைத்து
தலையாட்டிவிட்டுப் போனான் அவன்.